கணப்பின் மேல் ஒரு கணவன்

கேம்பல்டவுன்
12 ஜனவரி 2009

நடிகை எஃபி ராங்கின் அவர்களுக்கு,

'அன்புள்ள எஃபி' என்றுதான் முதலில் எழுதினேன். அச்சடித்து விற்கிற கிறிஸ்துமஸ் அட்டை மாதிரி இருந்தது. நீ பஸ் ஏறிப் போன நாளிலிருந்து வருஷா வருஷம் உனக்கு அப்படி ஒன்றைத்தான் அனுப்பிக்கொண்டிருக்கிறேன் என்பதால், இந்தத் தடவை வேறு மாதிரி ஆரம்பித்துப் பார்க்கிறேன்.

இங்கே குறையொன்றும் இல்லை. இரும்புக்கடையை இன்னும் மூடவில்லை. ஓய்வெடு என்கிறார்கள், எடுத்து என்ன செய்வது என்று யாரும் சொல்வதில்லை. பத்திரிகையில் உன் படம் பார்த்தேன். இளைத்திருக்கிறாய். ஒழுங்காகச் சாப்பிடு.

விஷயத்துக்கு வருகிறேன். நான் செத்து இருபத்து நாலு வருஷம் ஆகிறது. 'கீழ்த்துறை' டிவி தொடரில் நீ நடிக்கிற பெக் லோரிமர் வீட்டுக் கணப்புக்கு மேலே சட்டம் போட்டு வைத்திருக்கிறார்களே ஒரு படம், பெக்கின் புருஷன் டாம், கடலில் மூழ்கிப் போனவன், அவன் என் முகத்தோடுதான் செத்திருக்கிறான். இதைப் பற்றி நான் ஒரு நாளும் புகார் சொன்னதில்லை. பௌலிங் கிளப்பில் என் முறை வந்தால், "டேய் பிணமே, எந்திரிச்சு வந்து உருட்டுடா" என்றுதான் டங்கன் கூப்பிடுவான். போன கோடையில் சுற்றுலா பஸ்ஸில் வந்த ஒரு அம்மா தீப்பெட்டி வாங்க உள்ளே வந்தாள். என்னைப் பார்த்ததும் நிலைக்கதவைப் பிடித்துக்கொண்டு, "நீங்க மூழ்கிப் போனீங்களே" என்றாள். "கரை ஒதுங்கிட்டேன்மா" என்றேன். தீப்பெட்டிக்குக் காசு வாங்கவில்லை.

செத்தவனாக இருப்பதில் எனக்கு ஒரு கஷ்டமும் இல்லை, எஃபி. ஆனால் கோடையில் வரப்போகிற கதை என்று பேப்பரில் ஒன்று போட்டிருக்கிறான். டாம் நல்லவன் இல்லையாம். உயிரோடு இருந்த காலமெல்லாம் பெக்கை அடித்தவனாம். அது இப்போதுதான் வெளியே வரப்போகிறதாம். பேக்கரி ஜெஸ்ஸி அதை வெட்டி எடுத்து, ரொட்டிப் பொட்டலத்தோடு சேர்த்து என் கையில் கொடுத்தாள். கொடுத்துவிட்டு என் முகத்தை ஒரு நிமிஷம் பார்த்தாள். எனக்கு அந்தப் பார்வை பிடிக்கவில்லை.

நம் கல்யாணச் சாப்பாடு சாப்பிட்டவர்கள் இன்னும் சில பேர் இந்த ஊரில் இருக்கிறார்கள். நீ ஏன் பஸ் ஏறினாய் என்ற கேள்விக்கு அவர்களுக்கு இதுவரை பதில் கிடைத்ததில்லை. இனிமேல் கிடைத்துவிடும்.

படத்தை மாற்றச் சொல். வேறு எவனாவது ஒருவனை மாட்டட்டும்.

இப்படிக்கு,
லாக்லன் மக்ஃபேல்

பி.கு.: நான் அந்தத் தொடரைப் பார்ப்பதில்லை. மலை மறைப்பதால் இங்கே டிவியில் படம் சரியாக விழாது. எல்லாம் ஜெஸ்ஸி சொல்லித் தெரிவதுதான்.


கிளாஸ்கோ
19 ஜனவரி 2009

அன்புள்ள லாக்லன்,

எனக்கு அச்சடித்த அட்டை மாதிரி ஆரம்பிப்பதில் வெட்கமில்லை. உன் கையெழுத்தைப் பார்த்து எவ்வளவு சந்தோஷப்பட்டேன் என்று சொன்னால் நீ அடுத்த கடிதத்தைத் தட்டெழுத்தில் அடித்து அனுப்புவாய், அதனால் சொல்லவில்லை.

சாப்பிடுகிறேன். இடுப்பு மட்டும்தான் பேச்சு கேட்பதில்லை. ஸ்டூடியோவில் பெக்குக்கு மூன்று படிகளுக்கு மேல் ஏறுகிற காட்சி வைக்கக் கூடாது என்று எழுத்தாளர்களிடம் சொல்லி வைத்திருக்கிறேன். அந்தத் தெருவிலேயே மாடி ஏறாத ஒரே பொம்பளை பெக்தான்.

படம் அங்கே எப்படிப் போனது என்று நீ கேட்டதே இல்லை. கேட்காவிட்டாலும் சொல்கிறேன். 1968இல் எனக்குக் கிடைத்த முதல் தொலைக்காட்சி வேலை, கொலை நடந்த வீட்டுக்கு எதிர்வீட்டுக்காரி. "நான் ஒண்ணும் பாக்கலைங்க சார், அடுப்புல கஞ்சி இருந்துச்சு." அவ்வளவுதான் வசனம். அதற்குப் பிறகு பதினேழு வருஷமும் ஏறக்குறைய அதே வசனம்தான், தொப்பி மட்டும் மாறும். லண்டனுக்குப் போனால் ஸ்காட்லாந்துக்காரிக்கு மூன்று வேலைகள்: நர்ஸ், சமையல்காரி, கஞ்சப்பிசினாறி வீட்டுக்காரி. என் முகம் எல்லோருக்கும் தெரியும், பெயர் ஒருவருக்கும் தெரியாது. பஸ்ஸில் பக்கத்தில் உட்காருகிறவர்கள், "நீங்க எங்க அத்தையோட ஆஸ்பத்திரியில வேலை பாத்தவங்கதானே" என்பார்கள். ஆமாம் என்று சொல்லி அத்தையின் உடம்பை விசாரிக்கப் பழகிக்கொண்டேன்.

பெக்கும் அப்படித்தான் வந்தாள். மூன்று எபிசோடு. மேல்வீட்டுச் சத்தத்தைப் பற்றிப் புகார் சொல்ல வரும் விதவை. படப்பிடிப்பு ஆரம்பிக்கிற நேரத்தில்தான், விதவை என்றால் புருஷன் படம் வேண்டுமே என்று யாருக்கோ தோன்றியது. அரங்கச் சாமான்களைப் பார்த்துக்கொள்ளும் சாண்டி பெட்டியைக் கிண்டினான். உள்ளே இருந்த ஒரே ஆண் படம் ஒரு கடற்படை அதிகாரி. அவர் போன வாரம்தான் வேறொரு நாடகத்தில் விஷம் வைத்துக் கொல்லப்பட்டிருந்தார். எல்லோரும் நின்றுகொண்டிருந்தார்கள். நான் கைப்பையைத் திறந்தேன்.

மூன்று எபிசோடுதானே என்று நினைத்தேன். ஜனங்களுக்குப் பெக்கைப் பிடித்துவிட்டது. தொடர் என்பது ஒரு விசித்திரமான வீடு. கணப்புக்கு மேலே ஒரு தடவை வைத்த பொருளை எடுக்க முடியாது. போன வருஷம் சர்க்கரைக் கிண்ணம் உடைந்து வேறு வைத்தோம், முப்பது பேர் கடிதம் எழுதிக் கேட்டார்கள்.

இனி உன் விஷயம். பேப்பரில் வந்தது உண்மைதான். புதுத் தயாரிப்பாளர் ரோனா என்று ஒரு பெண், என் பாதி வயசு. கேன்டீனில் எதிரே உட்கார்ந்து கேட்டாள்: "எஃபி, பெக் இத்தனை வருஷமா அந்தப் படத்தோட பேசிட்டு இருக்காங்க. ஜனங்க அதை அன்புன்னு நினைச்சிருக்காங்க. அது பயம் விட்டுப்போகாத பழக்கமா இருந்தா?" நான் டீயைக் கீழே வைத்துவிட்டேன்.

ஒரு முழு எபிசோடு, லாக்லன். பெக்கும் அவளுடைய நாத்தனாரும் மட்டும், ஒரே அறையில். நாற்பது வருஷமாக நான் கெட்டிலில் தண்ணீர் பிடித்திருக்கிறேன். அது கொதிக்கிறவரை யாரும் காமிராவை என் மேல் வைத்திருந்ததில்லை.

படத்தை மாற்ற முடியாது. அந்த முகத்தை எல்லோருக்கும் தெரியும், கதையே அதில்தான் நிற்கிறது. ஆனால் இன்னொன்று. அந்தப் படத்துக்கு உன்னிடம் யாரும் அனுமதி வாங்கவே இல்லை என்று கம்பெனி வக்கீல் இப்போது கண்டுபிடித்திருக்கிறார். செத்தவனாகக் காட்டியதற்கு நீ வழக்குப் போடவில்லை, அடிக்கிறவனாகக் காட்டினால் போடலாமாம். உன் கையெழுத்து இல்லாமல் எடுக்க மாட்டார்கள். அவர்கள் எழுதுவதாகச் சொன்னார்கள். நானே எழுதுகிறேன் என்று சொல்லியிருக்கிறேன். அந்தக் காகிதத்தை இதோடு வைக்கவில்லை. நீ கேட்டால் அனுப்புகிறேன்.

அன்புடன்,
எஃபி


கேம்பல்டவுன்
2 பிப்ரவரி 2009

அன்புள்ள எஃபி,

காகிதம் வேண்டாம். என் பதில், முடியாது.

உனக்கு அது பெரிய வேடம் என்பது புரிகிறது. நீ எழுதிய கெட்டில் வாக்கியத்தை இரண்டு தடவை படித்தேன். ஆனால் நீ அங்கே ஐந்து லட்சம் பேர் இருக்கிற ஊரில் இருக்கிறாய். நான் காலையில் கதவைத் திறந்தால் எதிரே ஜெஸ்ஸி, சாயங்காலம் மூடினால் எதிரே சர்ச். நடுவில் வருகிறவர்கள் எல்லோரும் என் அப்பாவிடமும் ஆணி வாங்கியவர்கள்.

போன வாரம் ஜெஸ்ஸி கேட்டேவிட்டாள். கடையில் இரண்டு பேர் நிற்கிறார்கள், அவர்களுக்கு எதிரில். "லாக்லன், நீ எஃபி மேல ஒரு நாளும் கை வச்சதில்லையே?" இல்லை என்றேன். "அதானே, நானும் அதைத்தான் எல்லார்கிட்டயும் சொல்றேன்" என்றாள். எல்லோரிடமும் சொல்கிறாளாம். அப்படியென்றால் எல்லோரும் கேட்கிறார்கள் என்றுதானே அர்த்தம். தொடர் இன்னும் வரவே இல்லை.

நான் கை ஓங்கியதில்லை. குரல்கூட உயர்த்தியதில்லை. நான் செய்ததெல்லாம் பேசாமல் இருந்ததுதான். நீ லண்டனிலிருந்து வந்து பெட்டியை வைப்பாய், நான் ரசீதுகளை அடுக்கிக்கொண்டிருப்பேன். எத்தனை நாள் வேண்டுமானாலும் அப்படி இருக்க என்னால் முடியும் என்பது உனக்குத் தெரியும். அதற்கு ஒரு கதை எழுதட்டும், கையெழுத்துப் போடுகிறேன். எவனும் பார்க்க மாட்டான்.

நீ அந்தப் படத்தைத் துடைக்கும்போது எப்போதும் சட்டத்தின் இடது மேல்மூலையில் ஆரம்பித்து, கடைசியில்தான் முகத்துக்கு வருவாய். அப்படித் துடைத்த படத்தை நீயே உடைக்கப் போகிறாயா?

ஒன்று கேட்கிறேன். நீ இங்கிருந்து போய் இரண்டு வருஷத்துக்குப் பிறகுதானே அந்த மூன்று எபிசோடு வந்தது? என் படம் உன் கைப்பையில் எதற்காக இருந்தது?

லாக்லன்


கிளாஸ்கோ
16 பிப்ரவரி 2009

அன்புள்ள லாக்லன்,

சரி. ரோனாவிடம் முடியாது என்று சொல்லிவிட்டேன். அது முடிந்தது. இனி நான் கோபித்துக்கொள்ளலாம்.

இடது மேல்மூலை. ஜெஸ்ஸி அதையா உனக்கு ரொட்டியோடு கட்டிக் கொடுத்தாள்? மலை மறைக்கிற ஊரில் உனக்கு மூலைகூடத் தெரிகிறது. நான் ஒரு ஆளைப் பார்த்துப் பேசுகிறேன், அந்தப் பக்கம் யாராவது இருக்கிறார்களா என்று தெரியாமல் இத்தனை வருஷம் பேசியிருக்கிறேன். நீ அங்கே உட்கார்ந்துகொண்டு, நான் எந்த மூலையில் ஆரம்பிக்கிறேன் என்று பார்த்துக்கொண்டிருந்திருக்கிறாய்.

முதலில் வசனத்தாளில் "பெக் படத்தைத் துடைக்கிறாள்" என்று மட்டும்தான் இருந்தது. நான்தான் பேச ஆரம்பித்தேன். அவர்களுக்குப் பிடித்துப்போய், பிறகு எழுதிக் கொடுக்க ஆரம்பித்தார்கள். அவர்கள் எழுதாததும் உண்டு. உன் அம்மா போனது பேப்பர் பார்த்துத்தான் எனக்குத் தெரிந்தது. அடக்கத்தன்று படப்பிடிப்பு, விட மாட்டோம் என்றுவிட்டார்கள். அன்றைக்குப் பெக் சொன்னாள்: "உங்கம்மா எனக்கு ஒரு குறையும் வைக்கல, டாம். நான்தான் சொல்லிக்காம வந்துட்டேன்." டாமுக்கு அம்மா இருந்ததாகவே கதையில் கிடையாது. டைரக்டர் குழம்பிப்போய் அப்படியே விட்டுவிட்டார். நீ அதைப் பார்த்தாயா இல்லையா? பார்த்திருந்தால் ஒரு அட்டை போட்டிருக்கலாம். அச்சடித்ததாக இருந்தாலும் பரவாயில்லை.

நாடகக் குழுவின் வேனில் நாம் சுற்றிய காலத்தில், ஊர் ஊராக மண்டபங்களில் நாடகம் போட்டபோது, மேடை விளக்குகளை இயக்கும் விளக்குப் பலகைக்குப் பின்னாலிருந்து சத்தம் போட்டுச் சிரிப்பவன் நீ. தொலைக்காட்சிக்கு வந்த பிறகு என் வேலையைப் பற்றி நீ ஒரு வார்த்தை சொன்னதில்லை. நான் பஸ் ஏறியது அதற்காகத்தான் என்று ஜெஸ்ஸியிடம் சொல். நம்ப மாட்டாள்.

கைப்பையில் என்ன இருக்கிறது என்று பொம்பளையிடம் கேட்கக் கூடாது.

இன்னொரு செய்தி. இதை மிரட்டலாக எடுத்துக்கொள்ளாதே, வேறு யார் மூலமாவது தெரிவதற்குள் நானே சொல்லிவிடலாமே என்றுதான். இந்தக் கதை இல்லையென்றால் பெக்குக்கு வேறு கதை இல்லை என்கிறார்கள். கோடையில் அவள் தூக்கத்திலேயே போய்விடுவாள். மாடிப்படியிலிருந்து விழ வைக்கலாம் என்றார்களாம், அவள்தான் மாடி ஏறுவதில்லையே. ரோனா சொல்லும்போது அழுதாள். நான்தான் அவளைச் சமாதானப்படுத்த வேண்டியிருந்தது. அறுபத்தெட்டு வயசில் எதிர்வீட்டுக்காரி வேடம்கூட யாரும் தர மாட்டார்கள். இப்போது எதிர்வீட்டிலெல்லாம் சின்னப் பெண்கள்தான் இருக்கிறார்கள்.

நீ முடியாது என்றதில் தப்பில்லை. உன் முகம், உன் ஊர்.

எஃபி


கேம்பல்டவுன்
9 மார்ச் 2009

அன்புள்ள எஃபி,

பதில் எழுத நாளாகிவிட்டது. வழக்கம்போலப் பேசாமல் இருக்கிறான் என்று நினைத்திருப்பாய். முதல் வாரம் அதுதான். அதற்குப் பிறகு நடந்தது வேறு.

எங்கள் ஊரில் ஒரு பெண். பெயர் வேண்டாம். நாற்பது வயசிருக்கும், பள்ளிக்கூடத்தில் வேலை. புருஷனை ஊரில் எல்லோருக்கும் பிடிக்கும். எனக்கும் பிடிக்கும். போன பனிக்காலத்தில் என் கடை வாசலைக் கேட்காமலே வந்து சுத்தம் செய்து கொடுத்தவன். அவள் கடைக்கு வருவது தாழ்ப்பாள் வாங்கத்தான். வாசல்கதவுக்குப் போடுகிற தாழ்ப்பாள் இல்லை, படுக்கையறைக் கதவுக்குப் போடுகிற சின்னது. வாங்கிப் போவாள். ஒரு வருஷம், ஒன்றரை வருஷம் கழித்துத் திரும்ப வருவாள், அதே அளவு. தாழ்ப்பாள் அவ்வளவு சீக்கிரம் கெடுகிற பொருள் இல்லை. இரும்பு வியாபாரிக்கு அது தெரியும். நான் ஒரு தடவையும் ஒன்றும் கேட்டதில்லை. திருகாணி கூட இரண்டு சேர்த்துப் போட்டுக் கொடுத்துவிடுவேன்.

போன செவ்வாய்க்கிழமை வந்தாள். பொட்டலம் கட்டும்போது, கதையை நிறுத்திவிட்டார்கள் என்று பேப்பரில் பார்த்ததாகச் சொன்னாள். ஆமாம் என்றேன். "நீங்க வேண்டாம்னு சொல்லிட்டீங்களாமே?"

"ஆமாம்மா. அந்த மூஞ்சியைப் பார்த்தா யாராவது நம்புவாங்களா? அப்படிப்பட்டவன் மாதிரியா தெரியுது?"

"தெரியலை மிஸ்டர் மக்ஃபேல்" என்றாள். சில்லறையை எண்ணாமலே பைக்குள் போட்டாள். "எங்க வீட்டுக்காரர் மூஞ்சியிலயும் தெரியாது."

அவ்வளவுதான். போய்விட்டாள்.

நான் பின்னறைக்குப் போய் உட்கார்ந்தேன். ஜெஸ்ஸி வந்து கடை மணியை மூன்று தடவை அடித்துவிட்டுத் திரும்பிப் போனாள்.

காகிதத்தை அனுப்பு. கையெழுத்துப் போடுகிறேன். வேறு எவன் படத்தையாவது மாட்டினால் பிரயோஜனமில்லை. புருவம் தடித்த ஒருவனை மாட்டினால், இவனைப் பார்த்தாலே தெரியுதே என்று சொல்லிவிட்டு எல்லோரும் தூங்கப் போவார்கள். நல்லவன் மாதிரி இருக்கிற மூஞ்சிதான் வேண்டும். என்னிடம் அப்படி ஒன்று இருப்பதாகத் தெரிகிறது.

இந்தப் பொட்டலத்தில் ஒரு தாழ்ப்பாள் இருக்கிறது, அவள் வாங்குகிற அதே அளவு. பெக்கின் படுக்கையறைக் கதவில் உள்பக்கம் அடிக்கச் சொல். மேலே இரண்டு மூன்று பூச்சு பெயிண்ட் அடித்தால் வெகு நாளாக அங்கேயே இருந்த மாதிரி தெரியும். அதற்குப் பக்கத்தில் பழைய திருகாணி ஓட்டைகளும் இருக்க வேண்டும். அதைச் சாண்டியிடம் அழுத்திச் சொல்.

அம்மாவைப் பற்றிப் பெக் சொன்ன எபிசோடைப் பார்த்தேன். 1985இலேயே புகைபோக்கி மேல் ஏறி டிவி ஏரியலை உயர்த்திக் கட்டிவிட்டேன்.

லாக்லன்


கிளாஸ்கோ
30 ஏப்ரல் 2009

அன்புள்ள லாக்லன்,

எடுத்து முடித்துவிட்டோம். காலையில் ஆரம்பித்து மாலைக்குள் முடிந்தது. நாத்தனாராக நடிக்க வந்தவள் நல்ல நடிகை. என்னை வெட்கப்பட வைத்துவிட்டாள். இடுப்பு ஒரு நாளைக்கு வாயை மூடிக்கொண்டிருந்தது.

தாழ்ப்பாளை மாட்டினோம். சாண்டி ஓய்வு பெற்று ஐந்து வருஷம் ஆகிறது. இதற்காகவே வரவழைத்தேன். பழைய ஓட்டைகளை அவனே ஆணியால் போட்டு, மேலே நான்கு பூச்சு அடித்து, நடுவில் நடுவில் சுரண்டினான். ரோனா வந்து பார்த்தாள், தடவிப் பார்த்தாள். யார் யோசனை என்றாள். என் புருஷன் என்றேன். அந்த வார்த்தையைச் சொல்லி எவ்வளவு காலம் ஆகிறது என்று பிறகுதான் தோன்றியது. நாம் விவாகரத்து வாங்க மறந்துவிட்டோம், கவனித்தாயா?

வசனத்தாளில் பெக் படத்தை நெருப்பில் போட வேண்டும். அதற்காக ஒரு நகல் எடுத்து வைத்திருந்தார்கள். நான் மாட்டேன் என்றேன். "உங்களுக்காகவா, பெக்குக்காகவா?" என்று ரோனா கேட்டாள். நல்ல கேள்வி. பெக் அவ்வளவு சீக்கிரம் எரித்துவிட மாட்டாள் என்றேன், அதுவும் நிஜம்தான். ஒரே ஒரு தடவைதான் எடுப்பேன், பிடிக்காவிட்டால் நெருப்பு என்றாள்.

படத்தைச் சட்டத்திலிருந்து கழற்றினேன். துடைக்கவில்லை. "உன்னைப் பத்தி நல்லதாவே பேசிப் பேசி, எனக்கே அது நிஜம்னு ஆயிப்போச்சு டாம்" என்றேன். அது அவர்கள் எழுதியது. பிறகு எதுவும் சொல்லாமல் நின்றேன். அது உன்னிடம் கற்றது. படத்தைக் கவிழ்த்து அலமாரிக்குள் வைத்துவிட்டுப் போய்க் கெட்டிலை அடுப்பில் ஏற்றினேன். காமிரா என் மேலேயே இருந்தது. தண்ணீர் கொதிக்கிறவரை இருந்தது, லாக்லன். யாரும் 'கட்' சொல்லவில்லை.

ஒன்று தெரியுமா? படத்தின் ஓரத்தைச் சாண்டி கத்தரித்துவிட்டான் என்றுதான் இவ்வளவு நாள் நினைத்திருந்தேன். கத்தரிக்கவில்லை, மடித்து வைத்திருந்தான். பிரித்தால் என் தோள் இருக்கிறது. நாம் நாடகம் போட்ட தார்பெர்ட் மண்டபத்து வாசல். நீ விளக்கைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு சிரிப்பது என்னைப் பார்த்து.

ஜூன் பத்தாம் தேதி ஒளிபரப்பு. அன்றைக்கு நீ ஊரில் இல்லாமல் இருந்தால் நல்லது.

எஃபி


கேம்பல்டவுன்
22 ஜூன் 2009

அன்புள்ள எஃபி,

ஊரில்தான் இருந்தேன். வேறு எங்கே போவது?

நீ நன்றாக நடித்தாய். இதை 1968இலேயே சொல்ல ஆரம்பித்திருக்க வேண்டும். அந்தக் கஞ்சி அடுப்பிலிருக்கிற பொம்பளையும் நன்றாகத்தான் இருந்தாள். நீ பொய் சொல்கிறாய், எல்லாவற்றையும் பார்த்திருக்கிறாய் என்று உன் கையைப் பார்த்தாலே தெரிந்தது.

ஊரைப் பற்றிக் கேட்பாய். மறுநாள் காலையில் கடைக்கு யாரும் வரவில்லை. ஜெஸ்ஸி ரொட்டியைக் கொடுத்தாள், பேச்சு கொடுக்கவில்லை. கிளப்பில் டங்கன் என்னைப் பிணமே என்று கூப்பிடவில்லை, மிஸ்டர் மக்ஃபேல் என்று கூப்பிட்டான். அதுதான் உறைத்தது. ஞாயிற்றுக்கிழமை சர்ச்சில் என் பெஞ்சில் நான் மட்டும் இருந்தேன். காலை நீட்டிக்கொள்ள வசதியாக இருந்தது. இது கதைதானே என்று எல்லோருக்கும் தெரியும், எஃபி. ஆனால் என்னைப் பார்த்ததும் முதலில் கதைதான் ஞாபகம் வருகிறது. அது வெறும் கதை என்பது அதற்குப் பிறகுதான் ஞாபகம் வருகிறது.

நேற்றுக்கு முந்தின நாள் சனிக்கிழமை. கூட்டமான நேரம், கடையில் ஏழெட்டுப் பேர். அவள் வந்தாள். கையில் ஒரு பெட்டி, கூடப் பொண்ணு. பத்து வயசு இருக்கும், பள்ளிக்கூடச் சீருடையோடு. சனிக்கிழமை எதற்குச் சீருடை என்று நினைத்தேன். இருந்ததில் நல்ல உடுப்பு அதுதான் போலிருக்கிறது. நேராக மேஜைக்கு வந்தாள்.

"தாழ்ப்பாள் வேண்டாம் மிஸ்டர் மக்ஃபேல்" என்றாள். எல்லோர் காதிலும் விழுகிற மாதிரித்தான் சொன்னாள். "ஏர் டவுன்ல என் அக்கா இருக்கா. உங்க வேன்ல கொண்டுபோய் விட முடியுமா?"

நான் மேலங்கியை எடுத்தேன். கடையைப் பார்த்துக்கொள்ள யாருமில்லை. டங்கன் வரிசையிலிருந்து வெளியே வந்து, மேஜைக்கு இந்தப் பக்கம் நின்றுகொண்டான். "நீ போடா" என்றான், என்னைப் பார்க்காமலே.

வாசலில் நின்று எல்லோரும் பார்த்தார்கள். பெண்டாட்டியை அடிக்கிறவன் என்று பத்து நாளாக ஊர் பேசிக்கொண்டிருந்தவனின் வேனில், அவள் பெட்டியை வைத்து, பொண்ணை ஏற்றி, தானும் ஏறிக் கதவைச் சாத்திக்கொண்டாள். பாதி தூரத்தில், இன்வரேரி தாண்டியதும், தொடரில் அந்தத் தாழ்ப்பாளைப் பார்த்ததாகச் சொன்னாள். பழைய ஓட்டைகளைப் பார்த்ததாகச் சொன்னாள். "அதை யாரு சொல்லிக் கொடுத்தாங்கன்னு எனக்குத் தெரியும்" என்றாள். நான் ரோட்டைப் பார்த்துக்கொண்டு ஓட்டினேன்.

இத்தனை வருஷமும் கேட்டிருக்கலாம். திருகாணி போட்டுக் கொடுத்துக்கொண்டிருந்தேன்.

என் மேல் ஊருக்கு இன்னும் சந்தேகம் தீரவில்லை. டங்கன் மட்டும் நேற்று பிணமே என்றான். ஜெஸ்ஸி இன்னும் யோசித்துக்கொண்டிருக்கிறாள். அது பரவாயில்லை. எனக்கு இப்போது தெரிய வேண்டியது ஒன்றுதான், அதைப் பிப்ரவரியிலேயே கேட்டேன். நீ பதில் சொல்லவில்லை.

உன்,
லாக்லன்


கிளாஸ்கோ
29 ஜூன் 2009

அன்புள்ள லாக்லன்,

கடிதத்தைக் கேன்டீனில் உட்கார்ந்து படித்தேன். ரோனா, என்ன ஆச்சு என்றாள். சொன்னேன், பெயரும் ஊரும் சொல்லாமல். அவள் எழுந்து போய்விட்டு வெகுநேரம் கழித்துத்தான் திரும்பி வந்தாள்.

பெக்குக்கு இன்னும் மூன்று வருஷம் கொடுத்திருக்கிறார்கள். கணப்புக்கு மேலே என்ன வைப்பது என்று அரங்கக்காரர்களுக்குள் பெரிய தகராறு. ஒன்றும் வைக்க வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். சுவரில் அந்த இடம் மட்டும் வெளுத்துச் சதுரமாகத் தெரிகிறது. அப்படியே இருக்கட்டும். கடிதங்கள் மூட்டை மூட்டையாக வருகின்றன, பாதிக்கு மேல் தாழ்ப்பாளைப் பற்றி.

கைப்பை. சரி, சொல்கிறேன். காமிராவுக்கு முன்னால் நிற்கும்போது லட்சக்கணக்கான பேரை நினைத்துக்கொண்டு பேச என்னால் முடியாது. யாராவது ஒருவரிடம்தான் பேச முடியும். வேன் காலத்திலிருந்தே நான் பேசியது விளக்குப் பலகைக்குப் பின்னால் நின்ற ஆளிடம். லண்டனில், நர்ஸாகவும் சமையல்காரியாகவும் காத்திருந்த அறைகளில், கூப்பிடுவதற்கு முன்னால் பையைத் திறந்து அந்த ஆளை ஒரு தடவை பார்த்துக்கொள்வேன். உன்னை விட்டு வந்த பிறகு படத்தை எடுத்துவிடலாம் என்று நினைத்தேன். எடுத்த அன்றைக்கு வசனம் வரவில்லை. திரும்ப வைத்துவிட்டேன். இதில் காதல் எவ்வளவு, தொழில் எவ்வளவு என்று கேட்காதே. எனக்குத் தெரியாது. தெரிந்த மாதிரி பேசுகிறவர்களை நான் நம்புவதுமில்லை.

மூலப்படத்தைச் சாண்டி என்னிடம் கொடுத்துவிட்டான். மடிப்பைப் பிரித்து வைத்திருக்கிறேன். தபாலில் அனுப்பினால் கசங்கிவிடும், நானே கொண்டு வருகிறேன். வெள்ளிக்கிழமை மத்தியான பஸ். இரண்டு வாரம் படப்பிடிப்பு இல்லை.

நிறுத்தத்துக்கு வா. ஜெஸ்ஸி வாசலில் நிற்பாள், நிற்காவிட்டால் மணியடித்து வரவழைக்கலாம். என் பெட்டியை நீ தூக்கிக்கொள். உன் கையை நான் பிடித்துக்கொள்கிறேன், இடுப்புக்கு அது தேவைதான். அங்கிருந்து உன் கடைவரை மெயின் தெரு முழுக்க மெதுவாக நடக்கப் போகிறோம். எல்லோரும் பார்க்கட்டும். இவள் நடிக்கிறாளா என்று அவர்களுக்குச் சந்தேகம் வரும், வந்தால் வரட்டும். இந்த ஒரு நடைக்கு மூன்று எபிசோடு போதாது என்பது மட்டும் எனக்குத் தெரிகிறது.

உன்னிடம் ஒன்றே ஒன்று கேட்கிறேன். நடக்கும்போது ஏதாவது பேசிக்கொண்டே வா. ஆணி விலையாக இருந்தாலும் சரி. இருபத்து நாலு வருஷம் நான் மட்டும்தான் பேசியிருக்கிறேன்.

உன்,
எஃபி